சிக்னல் அக்காவின் பின்னந்தலை

சிக்னல் அக்காவுக்கு இரண்டாம் கலியாணம் பேசுகிறார்கள் என்று அம்மா நம்பினார். யாரோ செய்வினை செய்துவிட்டார்கள் என்பது பெரியம்மாவின் முடிவு. அண்ணா எதையும் விஞ்ஞானபூர்வமாக அணுகுபவர்; புட்டுப் பானையின் ஆவி மூளைக்கு ஏறிவிட்டது என்றார். நாற்பத்தைந்து வயதைத் தாண்டிய ஒரு பெண் கன்னங்கரேலென்ற தன் தலைமயிரைச் செக்கச்செவேலென்று ஆக்கப் புறப்பட்டால், அதற்கு இந்த மூன்றைத் தவிர நான்காவது காரணம் இருக்கமுடியாது என்பதில் எங்கள் வீட்டில் நிலவிய ஒற்றுமை அதற்கு முன்னும் பின்னும் நிலவியதில்லை.

உடையார்கட்டுச் சந்தியில் போக்குவரத்துச் சிக்னல் கிடையாது. பரந்தனிலிருந்து முல்லைத்தீவுக்குப் போகும் அந்த வீதியில் வாகனங்களை நிறுத்தும் அதிகாரம் மாடுகளிடம் மட்டுமே இருந்தது. மாடுகளுக்கு அடுத்தபடியாக, தன் தலை ஒன்றினாலேயே வன்னியின் போக்குவரத்தை நிறுத்திய ஒரே மனிதப்பிறவி சிக்னல் அக்காதான். அவருடைய சொந்தப் பெயர் அடையாள அட்டையில் இருந்திருக்கும். நாங்கள் யாரும் அதைக் கேட்டதில்லை.

எங்கள் ஒழுங்கையின் கடைசி வீட்டில் தனியாக இருந்தார். சந்தியில் உள்ள சாப்பாட்டுக் கடையில் புட்டும் இடியப்பமும் அவிப்பது வேலை. கணவர் சண்டையின் கடைசி மாதங்களில் இறந்துபோனார். ஏழு வயது மகளைக் கணவரின் தமக்கை நோர்வேக்குக் கூட்டிக்கொண்டு போனார். இதையெல்லாம் அக்கா யாருக்கும் விரித்துச் சொல்வதில்லை. கேட்டால், "மகள் வெளியில" என்பார், உப்பு வாங்கக் கடைக்குப் போனவளைச் சொல்வதைப் போல.

ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் கிணற்றடிக்கு வருவார். ஒழுங்கையிலேயே இணையம் ஒழுங்காக வரும் ஒரே இடம் அது. மகள் வீடியோவில் அழைப்பாள். அக்கா பச்சைப் பொத்தானை அமத்தியதும் தொலைபேசியைக் காதோடு சேர்த்து அழுத்திக்கொள்வார். அந்தப் பக்கம் நோர்வேயில் இருந்த பெண் வருடக்கணக்காகப் பார்த்தது தாயின் காதையும், காதுக்கு மேலே இருந்த இருட்டையும்தான்.

"அக்கா, இது வீடியோ. முன்னுக்குப் பிடிச்சுப் பாருங்கோ" என்றேன் ஒருநாள்.

"காதில வைக்காட்டி என்னெண்டு தங்கச்சி கேக்கிறது?"

"லவுட் ஸ்பீக்கர் போடலாம்."

"ஏன், உன்ர கொண்ணரும் கேக்கவோ?"

அதுவரை மிகுந்த கவனத்தோடு கேட்டுக்கொண்டிருந்த அண்ணா, உடனே சைக்கிள் செயினைத் துடைக்கத் தொடங்கினார். அவர் உள்ளே போன பிறகுதான் அக்கா மெதுவாகச் சொன்னார்: "முகத்தைப் பாத்தா எனக்குக் கதை வராது, தங்கச்சி."

மகள் படங்கள் அனுப்பவும் அவர் விடவில்லை. "படம் அனுப்பாத பிள்ளை. நேர வந்து காட்டு" என்று சொல்லிவைத்திருந்தார். அவருடைய படமும் மகளிடம் இல்லை. இருந்த ஒன்று இடம்பெயர்ந்த நாட்களில் எங்கோ மண்ணோடு போயிற்று.

அப்போது நான் பிரதேச நூலகத்தில் வேலை செய்தேன். ஒருநாள் மத்தியானம், வாசகர்கள் யாருமில்லாத நேரம், அக்கா வந்து என் மேசைக்கு முன்னால் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"கறுப்புத் தலைக்கு மேல சிவப்புப் பிடிக்கிறதுக்குப் புத்தகம் இருக்கோ?"

மூலிகை வைத்தியத் தட்டில் இருந்தவற்றையெல்லாம் இறக்கிப் பார்த்தோம். எல்லாப் புத்தகங்களும் வெள்ளையைக் கறுப்பாக்குவதற்கே வழி சொல்லின. கறுப்பைக் கைவிட நினைக்கும் ஒரு மனுசி இந்த உலகத்தில் உண்டென்று எந்த வைத்தியரும் எண்ணிப்பார்த்ததில்லை. அக்கா கடைசிப் புத்தகத்தை மூடிவைத்துவிட்டுக் காரணத்தைச் சொன்னார். மகள் மார்கழி லீவுக்கு வருகிறாள்.

"'அம்மா, எனக்கு உங்கட தலைமயிர் மட்டும்தான் தெரியுது' எண்டவள். அப்ப அவளுக்குத் தெரிஞ்ச அம்மா இந்தத் தலைதான். சந்தியில பஸ் வந்து நிண்டா எத்தினை பொம்பிளையள் நிப்பினம்? எல்லாருக்கும் கறுப்புத் தலை, எல்லாற்ற தோளிலயும் ஒரு துவாய். அவள் என்னை விட்டிட்டு ஆரையும் அம்மா எண்டு போய்க் கட்டிப்பிடிச்சா?"

"அப்பிடி நடக்காதக்கா."

"நடந்தா? அவள் பாத்த கறுப்பும் இருக்கோணும், தூரத்தில நிண்டு தெரியவும் வேணும். வீட்டில ஒருத்தருக்கும் சொல்லிப்போடாத. அவள் வராட்டி, சனம் என்னைப் பாவம் எண்டு சொல்லும். விசரி எண்டு சொல்லட்டும், அது காரியமில்லை."

அன்றிலிருந்து அம்மாவின் கலியாணக் கதையையும் பெரியம்மாவின் செய்வினையையும் நான் மறுக்காமல் கேட்டுக்கொண்டிருந்தேன்.

முதலில் பீற்றூட். அரைத்துப் பூசிக்கொண்டு முற்றத்தில் காயவிட்டார். தலை சிவக்கவில்லை, ஆனால் எறும்புகள் அதைச் சீனிப்போத்தல் என்று நினைத்து வரிசை கட்டின. அடுத்து மருதோண்டி. தலையில் பிடித்தது செம்பு நிறத்தில் மிக மெல்லிய ஒரு சாயல். கைகளிலோ முழங்கைவரை செம்மஞ்சள். கடைக்கு வந்தவர்கள் எல்லோரும் ஆருக்குக் கலியாணம் என்று கேட்டார்கள். அம்மா என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையில், "நான் சொன்னன்தானே" என்று எழுதியிருந்தது.

மூன்றாவது முயற்சிதான் ஊர் வரலாற்றில் இடம்பெற்றது. பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டியில் சிவப்பு இல்லத்துக்குச் சோடித்து மிஞ்சிய கிரேப் கடதாசியை வாங்கிவந்து, வெந்நீரில் ஊறவைத்து, அந்தச் சாயத்தைத் தலையில் ஊற்றிக்கொண்டார். காய்ந்த பிறகு பார்த்தால் நிறம் அருமை. மறுநாள் விடிய அதே தலையோடு புட்டுப் பானையின் முன்னால் போய் நின்றார். ஆவி எழுந்தது, வியர்த்தது. நெற்றியிலிருந்து மூக்கு வழியாகச் செங்குருதி போல ஒரு ஆறு இறங்கியது. சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எழுந்து ஓடினார்கள். வாசலில் நின்ற ஓட்டோக்காரத் தம்பி அவரை அப்படியே தூக்கி உள்ளே இருத்தி, புதுக்குடியிருப்பு ஆஸ்பத்திரிப் பக்கம் விரட்டினான்.

"தம்பி, இது ரத்தமில்லை. கடதாசி."

"கதைக்காதேங்கோ அக்கா. கதைச்சாக் கூடப் போகும்."

"கடதாசியடா, கடதாசி."

"தலையில பலமா அடிபட்டா இப்பிடித்தான் கதைப்பினம் எண்டு எனக்குத் தெரியும். கண்ணை மூடாதேங்கோ, என்ர பேரைச் சொல்லுங்கோ பாப்பம்."

அக்காவுக்கு அவனுடைய பெயர் தெரியாது. அதனால் நிலைமை மோசமென்று அவன் இன்னும் வேகமாக ஓட்டினான். ஆஸ்பத்திரியில் தாதி தலையைக் கழுவித் துடைத்து, வெளியில் ஒரு காயமும் இல்லை, உள்ளேதான் பார்க்கவேண்டும் என்றாராம். சிக்னல் என்ற பட்டம் அன்று வைக்கப்பட்டது. அது மட்டும் கழுவக் கழுவப் போகவில்லை.

ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வரும் வழியிலேயே ஒரு சலூன் இருந்தது. அந்த வாரக் கடைசியில் என்னையும் கூட்டிக்கொண்டு அங்கே போனார். அங்கிருந்த பெண்பிள்ளை அக்காவின் கூந்தலைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டுச் சொன்னாள்:

"ப்ளீச் பண்ணிக் கறுப்பை எடுத்தாத்தான் அன்ரி கலர் ஏறும். இல்லாட்டிக் கறுத்தக் கடதாசியில கலர்ப் பென்சிலால கீறின மாதிரி."

"கறுப்பை எடுக்கேலாது பிள்ளை. அது இன்னொராள் பாத்து வைச்ச கறுப்பு."

அந்தப் பிள்ளைக்கு அது விளங்கியிருக்காது. ஆனாலும் மேலே கேட்கவில்லை. "அப்ப ஒண்டு இருக்கு. ப்ளீச் இல்லாமலே பிடிக்கிற சிவப்பு. வெயில் பட்டாத்தான் தெரியும். நிழலுக்க வந்தாக் கறுப்புத்தான்" என்றாள்.

இரண்டு நிபந்தனைகளும் ஒரே சாயப் பெட்டிக்குள் அடங்கிவிட்டன. அக்கா அந்தப் பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

அதன்பின் அவர் குடை பிடிப்பதை நிறுத்தினார். வன்னி வெயிலுக்குப் பயந்து சனம் மரநிழலைத் தேடிப் பதுங்கும் நேரத்தில், அவர் நடுவீதியால் தலையை நிமிர்த்திக்கொண்டு நடப்பார். உண்மையிலேயே அழகாகத்தான் இருந்தது. வெயிலில் தணல், வேப்பமரத்துக்குக் கீழே வந்தால் பழையபடி கரி. லொறிக்காரர்கள் வேகத்தைக் குறைத்துப் பார்த்தார்கள். கடை முதலாளிக்கு மட்டும் நிம்மதி போயிற்று. "கறுப்பு மயிர் புட்டில கிடந்தா, ஆரின்ரையோ எண்டு சொல்லித் தப்பலாம். இதுக்கு நான் என்னத்தைச் சொல்ல?" என்று அவர் ஒரு தொப்பி வாங்கிக் கொடுத்தார்.

அந்தச் சிவப்பில் ஒரு வினோதம் இருந்தது. முன்னந்தலையும் பக்கங்களும்தான் சிவந்திருந்தன. பின்னந்தலை முழுவதும் கறுப்பு. அது புது நாகரிகம் என்றார் பெரியம்மா. அண்ணா அதையும் ஆராய்ந்தார்.

"வாகனத்துக்குச் சிவப்பு லைற் பின்னுக்குத்தான் பூட்டுறது. இவ மாறி முன்னுக்குப் பூட்டியிருக்கிறா."

நாங்கள் எல்லோரும் சிரித்தோம். பிறகு நான் அதைப் பற்றி நெடுநேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். சலூனில் பூசுவிக்கக் கட்டுப்படியாகாமல், அக்கா பெட்டியை மட்டும் வாங்கிவந்து வீட்டில் தானே பூசிக்கொண்டார். தனியாக இருக்கும் ஒருவருக்குத் தன் பின்னந்தலை கண்ணுக்கும் தெரியாது, கைக்கும் ஒழுங்காக எட்டாது. வேறு நாகரிகம் எதுவும் அதில் இல்லை.

எல்லாவற்றையும் திட்டமிட்ட அக்கா ஒன்றை மறந்துவிட்டார். நோர்வேக்காரர்களுக்கு லீவு கிடைக்கும் மார்கழியில்தான் வன்னிக்கு மாரிமழை. மகள் வரும் நாளுக்கு முதல் நாளிலிருந்தே வானம் சாம்பல் பூசிக்கொண்டு கிடந்தது. காலையில் அக்கா எங்கள் வாசற்படலையில் வந்து நின்றார். புதுச் சேலை, ஒரு கையில் குடை, மறு கையில் டோர்ச் லைற்.

"வா தங்கச்சி. நீ டோர்ச்சை என்ர தலைக்கு அடிச்சுக்கொண்டு நிண்டாக் காணும், அது போதும்."

கற்றறிந்த ஒரு நூலக உத்தியோகத்தர், பகல் வெளிச்சத்தில், சந்தியின் நடுவில், ஒரு பெண்ணின் தலைக்குமேல் குடையும் பிடித்து டோர்ச்சும் அடித்துக்கொண்டு நின்ற காட்சியை அன்று ஊர் பார்த்தது. ஓட்டோக்காரத் தம்பி வந்து, "அக்காவுக்கு இன்னும் சுகமில்லையோ?" என்று என்னிடம் இரகசியமாகக் கேட்டான். அக்கா அவனைப் பார்க்கவேயில்லை. பரந்தன் பக்கம் பார்த்தபடி, "வெயில் ஒருக்கா எறிச்சாக் காணும், ஒருக்கா எறிச்சாக் காணும்" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

இரண்டு பஸ்கள் வந்து போயின. ஒன்றிலும் மகள் இல்லை. மூன்றாவது பஸ்ஸிலிருந்து முதலில் இறங்கியவள் உயரமான ஒரு பெண். முதுகில் பெரிய பை. தலைமயிர் வைக்கோல் நிறத்தில், ப்ளீச் செய்து கறுப்பென்ற சொல்லே இல்லாமல் எடுத்துவிட்ட தலை. அவள் இறங்கிய இடத்திலேயே நின்றாள். அக்கா அவளைத் தோளில் தொட்டு விலக்கினார்.

"கொஞ்சம் வழி விடுங்கோ பிள்ளை. என்ர மகள் இறங்கப்போறா."

பஸ்ஸிலிருந்து வேறு யாரும் இறங்கவில்லை. மகள் தன்னை அடையாளம் கண்டுகொள்வாளா என்று மாதக்கணக்கில் கவலைப்பட்டவருக்கு, தன்னால் மகளை அடையாளம் காண முடியுமா என்ற கேள்வி ஒருநாளும் எழுந்ததில்லை. நான் அந்தப் பெண்ணின் பக்கம் திரும்பினேன். டோர்ச் வெளிச்சம் அக்காவின் தலையிலிருந்து வழுக்கிக் காதில் விழுந்தது. ஒரு கல் விழுந்துபோன பழைய தோடு மினுங்கியது. அந்தப் பெண் குனிந்து அந்தக் காதைப் பார்த்தாள்.

"அம்மா" என்றாள். பிறகு, ஒவ்வொரு சொல்லாகத் தேடியெடுத்து, "எனக்கு இந்தக் காது தெரியும்" என்றாள்.

பஸ் புறப்பட்டுப் போயிற்று. மகளின் வைக்கோல் தலையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு அக்கா கேட்டது இதுதான்:

"கறுப்பு எங்கையடி போச்சு?"

அவள் நின்ற மூன்று வாரமும் சிக்னல் அக்காவின் தலை முன்னும் பின்னும் சிவப்பாக இருந்தது. கிணற்றடியில் தாயைக் கதிரையில் இருத்தி, மகள் பின்னால் நின்று பூசிவிட்டதை நாங்கள் எல்லோரும் பார்த்தோம். அம்மா கலியாணக் கதையை அன்றே கைவிட்டார். செய்வினையைப் பற்றிப் பெரியம்மாவும் பிறகு பேசவில்லை. மகள் போன இரண்டு மாதத்தில் பின்னந்தலையில் வேரடியிலிருந்து கறுப்பு வரத் தொடங்கியது.

அம்மா இப்போது இல்லை. பெரியம்மா வவுனியாவில் மகனோடு. அண்ணா கனடாவில் இருக்கிறார். அவரும் வீடியோவில்தான் வருவார். ஒழுங்கையில் இருட்டியதும் விளக்கு எரிவது இரண்டு வீடுகளில். ஞாயிற்றுக்கிழமைகளில் அக்கா இன்னும் எங்கள் கிணற்றடிக்கு வந்து, தொலைபேசியைக் காதில் அழுத்திக்கொண்டு கதைக்கிறார். இப்போது மகளே அப்படித்தான் வைக்கச் சொல்கிறாளாம்.

கதைத்து முடிந்ததும் கதிரையைத் திருப்பிப் போட்டு உட்காருவார். "வடிவாப் பூசு தங்கச்சி. எனக்குத் தெரியாது எண்டு ஏமாத்தாத" என்பார். நான் பின்னால் நின்று பூசிவிடுகிறேன். நாங்கள் இரண்டு பேரும்தான் இங்கே இருக்கிறோம்.