பத்திரிகை அண்ணையின் பூசணிக்காய்க் கறி

பேர்லினில் பத்திரிகை அண்ணையைப் போல மோசமான சமையல் குறிப்பு எழுதியவர் எவரும் இல்லை. இனிப் பிறக்கப்போவதும் இல்லை. மனிதருக்குத் தேத்தண்ணி போடவே தெரியாது. ஆனால் நொய்கெல்ன் பகுதியில் ஒரு தமிழ்க் கடையின் பின்னறையிலிருந்து அவர் நடத்தும் மாத இதழில் சமையல் குறிப்பு இல்லாத மாதமே கிடையாது.

எல்லாம் யாழ்ப்பாணத்தில் பழகிய பழக்கம். இராணுவம் ஊரை ஆண்ட காலத்தில் அங்கே அவர் பத்திரிகை வெளியிட்டார். அச்சடிக்கும் முன்னர் ஒவ்வொரு பக்கத்தையும் முகாமில் காட்ட வேண்டும். அதிகாரி தனக்குப் பிடிக்காததை வெட்டுவார். வெட்டிய இடத்தை வெறுமையாக விடவும் கூடாது. வெட்டியது சனத்துக்குத் தெரிந்துவிடுமாம். அண்ணை அந்த இடத்தில் பூசணிக்காய்க் கறியை வைத்தார். இடம் மிஞ்சினால் இன்னும் இரண்டு கரண்டி மிளகாய்த்தூள் சேர்ப்பார். இடம் போதாவிட்டால் உப்பையே எடுத்துவிடுவார். வாசகர்களும் விவரமானவர்கள். பூசணிக்காயைக் கண்டால் ஊரில் ஏதோ நடந்திருக்கிறது என்று விளங்கிக்கொள்வார்கள்.

ஜேர்மனிக்கு வந்தும் கை சும்மா இருக்கவில்லை. இங்கே வெட்ட ஆளில்லாததால் அவரே வெட்டினார். இங்குள்ள கோயில் நிர்வாகத்தைப் பற்றி நான் அவருடைய இதழுக்கு எழுதிய கட்டுரை இருக்கவேண்டிய இடத்தில் கத்தரிக்காய்ப் பால்கறி வந்தது.

"அண்ணை, இஞ்ச ஆர் கேக்கப் போகினம்?" என்றேன்.

"ஒருத்தரும் கேக்க மாட்டினம். அதுதான் பயமாக் கிடக்கு."

சென்னையிலிருந்து வேலைக்கு வந்த ஐ.டி. பெண் ஒருத்தி, பாவம், அதை நம்பிச் சமைத்தே விட்டாள்.

"சார், எட்டு ஸ்பூன் மிளகாய்த்தூள்னு போட்டிருந்தீங்க. என் ஹஸ்பெண்ட் இன்னும் தண்ணி குடிச்சுக்கிட்டே இருக்காரு!"

அண்ணை பதறிப்போனார். "ஐயோ பிள்ளை, அதைச் சமைச்சனீங்களோ? அது வாசிக்கிறதுக்கெல்லோ!"

ஒரு கட்டுரையை மட்டும் அவர் வருடா வருடம் இதழில் சேர்ப்பார்; கடைசி நேரத்தில் எடுத்துவிடுவார். ஊரில் அவருடைய அச்சகத்தில் எழுத்துக் கோத்த செல்வத்தைப் பற்றியது அது. அண்ணைக்குக் காய்ச்சல் வந்த ஒரு நாள், அவருக்குப் பதிலாகப் பக்கங்களோடு முகாமுக்குப் போன செல்வம் திரும்பி வரவில்லை. அது வெளிவந்தால், ஊருக்குப் போகும்போது விமான நிலையத்தில் மறிப்பார்கள் என்று அண்ணைக்குப் பயம். ஊரில் அவருக்கு ஒரே தங்கச்சி இருக்கிறாள்.

போன ஆவணியில் அந்தத் தங்கச்சியின் மகளுக்குக் கலியாணம். அண்ணை டிக்கெட் எடுத்து, வேட்டியும் வாங்கி வைத்திருந்தார். அந்த மாத இதழை விரித்தேன். முதற்பக்கத்தில் செல்வத்தின் படம். கீழே முழுக் கதையும் அண்ணையின் சொந்தப் பெயரில்.

"அண்ணை, அப்ப கலியாணம்?"

"போகேல்லை. டிக்கெட்டை விட்டிட்டன்."

"ஏன் திடீரெண்டு?"

"செல்வத்தின்ரை மனுசி தங்கச்சியிட்டைக் கேட்டவவாம், 'அண்ணை அங்க பத்திரிகை நடத்திறாராம், இவரைப் பற்றி ஒண்டும் போடேல்லையோ' எண்டு. நான் என்னத்தைச் சொல்லுறது?"

கலியாணத்தன்று அவரை எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்தோம். புது வேட்டி கட்டிக்கொண்டு வந்தார். மருமகளின் கழுத்தில் தாலி ஏறுவதைப் போனில் பார்த்து விம்மி விம்மி அழுதார். நானும் பக்கத்தில் இருந்து அழுதேன். என் கட்டுரைகளை அவர் ஆயுள் முழுக்க வெட்டட்டும். எனக்கு அந்த மனிதர் வேண்டும்.