ஆரப்பாளையத்துச் சுழிப்போர்

வாழ்க, செல்லூர் ஈன்ற சிங்கம் தங்கப்பாண்டி! விசைத்தறிகள் அனைத்தும் ஒருசேர முழங்கினும் இமை நடுங்காத இரும்புச்செவியன். அறுந்த இழையை அரைக்கண்ணால் கண்டு முடிச்சிடும் மின்னல்விரலன். முப்பதைத் தாண்டியும் மணமாலை காணாத பிரம்மச்சாரிகுல திலகன். அத்தகைய மாவீரனுக்கும் ஒரு சாபம் உண்டு. பேருந்து புறப்பட்டு நாகமலை கண்ணில் படுமுன்னே அவன் அடிவயிற்றில் கடல் பொங்கும். திறந்த ஜன்னலில் முகத்தை நீட்டினால் மட்டுமே அந்தக் கடல் அடங்கும்.

சென்ற முறை பெண் பார்க்கப் போனபோது நின்றுகொண்டே பயணம் செய்து, இறங்கிய கையோடு வருங்கால மாமனாரின் பட்டுக்கரை வேட்டியில் தன் காலைப் பலகாரம் முழுவதையும் காணிக்கையாக்கியவன் அவன். சம்பந்தம் அங்கேயே முறிந்தது. இன்று எழுமலையில் முனீஸ்வரி வீடு. போனில் அவள் தன்னைக் கேலி செய்து சிரித்த சிரிப்பிலேயே உள்ளத்தைப் பறிகொடுத்திருந்த நம் வீரன், இவளும் கைநழுவினால் தன் வாழ்வு பாழ் என்று உண்மையாகவே பயந்தான். உறவினர் ஏறிய ஏசி வேனின் ஜன்னல் திறக்காது என்பதால், தனியொருவனாக ஆரப்பாளையம் பேருந்து நிலையத்துள் புகுந்தான்.

அந்நிலையத்து மாந்தர் அறிந்த மந்திரமொழி ஒன்று உண்டு, பெயர் சுழிமொழி. அதற்கு ஒலி இல்லை, உருவம் மட்டுமே. துண்டில் ஒரு சுழி வரைந்து ஜன்னல் வழியே வீசினால், அது விழுந்த இருக்கை வீசியவனுக்கே உரியதென உலகம் ஒப்புக்கொள்ளும். சுழிக்கு வால் சேர்த்தால் அந்த உரிமை பின்னோக்கி ஓடும். வால் நீள நீள, சுற்றியுள்ள காலமும் கூடவே பின்னால் போகும். எவருடைய உரிமை பழையதோ, இருக்கை அவருக்கே. இதைக் கற்பிக்கப் பள்ளிக்கூடம் கிடையாது; பஸ்ஸுக்குக் காத்து நின்றாலே வந்துவிடும்.

புழுதிப்படலம் கிழித்து எழுமலை வண்டி எழுந்தருளியது. கதவோரம் கூட்டம் கைகலக்க, தங்கப்பாண்டி துணியில் குறிபோடும் நீலச் சாக்பீஸை வாளென உருவி, துண்டில் சுழியிட்டு, குறி தவறாமல் எறிந்தான். வெற்றிக்களிப்போடு ஏறிப் பார்த்தால் துண்டு தரையில் கிடந்தது. இருக்கையில் ஒரு கைப்பை வீற்றிருந்தது. அதற்குரியவர் பாக்கியமேரி டீச்சர். மிஷன் பள்ளியில் ஒரு தலைமுறையையே தலையில் குட்டி நிமிர்த்தி ஓய்வுபெற்றவர். மகளைப் பார்க்க வாராவாரம் அதே இருக்கையில் எழுமலை போகிறவர். பையின் மேல் வெள்ளைச் சாக்பீஸில் வாலோடு ஒரு சுழி, காலையிலிருந்தே இவ்விடம் தமக்குரியது என்றது.

வெகுண்டான் வேங்கை. துண்டை எடுத்து வாலைத் தைப்பொங்கல் வரை நீட்டினான். அக்கணமே நிலையமெங்கும் கரும்புக்கட்டுகள் நிமிர்ந்தன. அவனியாபுரம் போகவேண்டிய காளை ஒன்று சலங்கை குலுங்க டீக்கடைக்குள் எட்டிப் பார்த்தது. அவன் பின்னாலேயே ஏறி வந்த டீச்சர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, தாம் ஓய்வுபெற்ற நாள் வரை தம் வாலை இழுத்தார். அவருடைய நரை பாதி கருத்தது. கண்டக்டர் சிவபாண்டியின் தொப்பை உள்வாங்கியது. கல்லூரிப் பெண் ஒருத்தியின் போன் பட்டன் போனாகிச் சிணுங்கியது. தோல்வி அறியாத தங்கப்பாண்டி, தான் பிறந்த நாளைக் குறிவைத்துச் சாக்பீஸை ஓங்கினான்.

"அண்ணே, நிப்பாட்டுங்க. இந்த வண்டிக்கு அம்புட்டு வயசு இல்ல" என்றான் சிவபாண்டி.

போர்வெறி கொண்ட செவியில் அது ஏறவில்லை, வால் நீண்டது. பிறவாதவர்களைக்கூடக் கருணையோடு விட்டுவைத்த சுழிமொழி, பிறவாத வண்டியை விட்டுவைக்கவில்லை. படிக்கட்டு போயிற்று, கூரை போயிற்று, ஓட்டுநரின் கையிலிருந்த ஸ்டியரிங்கும் போயிற்று. உட்கார்ந்த கோலத்திலேயே அத்தனை பேரும் தரையில் தொப்பென்று விழுந்தார்கள்.

சிவபாண்டி எச்சிலைத் தொட்டுச் சுழிகளை அழித்தான். காலம் திரும்பியது. ஆனால் புறப்படும் நேரம் அதற்குள் கடந்துவிட்டதால், வண்டி தன் நேரம் தவறாமல் எழுமலை வழியிலுள்ள செக்காணூரணியில், ஓட்டுநரும் இன்றி, ஒரு பயணியும் இன்றித் தோன்றியது. விழுந்து எழுந்தவர்கள் இரு மாவீரர்களையும் வாய்க்கு வந்தபடி வாழ்த்தினார்கள்.

தங்கப்பாண்டிக்குக் கண் கலங்கியது. சாக்பீஸை இரண்டாக ஒடித்தெறிந்து, இனி இப்பிறவியில் சுழி தொடேன் என்று சபதம் செய்தான். பிறகு டீச்சரிடம், "எனக்கு பஸ் ஒத்துக்காது டீச்சர். காத்து மூஞ்சில அடிக்கலன்னா வாந்தி வந்துரும். இன்னிக்குப் பொண்ணு பாக்கப் போறேன்" என்றான்.

டீச்சர் அவனை மேலும் கீழும் பார்த்தார். "இத முதல்லயே வாயத் தொறந்து சொல்லிருந்தா நானே எந்திரிச்சிருப்பேனே தம்பி" என்றார்.

அடுத்த வண்டியில், அவரிடம் என்றோ குட்டு வாங்கிய மாணவன் ஒருவன் நடுங்கி எழுந்து ஜன்னலோரத்தை அவருக்குக் கொடுக்க, அவர் அதைத் தங்கப்பாண்டிக்குத் தாரைவார்த்துவிட்டுக் கம்பியைப் பிடித்து நின்றார். அமர்ந்தான் ஆண்டகை! காலத்தையே கலக்கியும் பெற முடியாத அரியணையை ஒரு வாய்ச்சொல்லால் வென்ற செல்லூர்ச் சிங்கம், நாகமலைக் காற்றை நெஞ்சில் நினைந்து, எழுமலையில் காத்திருக்கும் சிரிப்பைக் கண்ணில் நிறைத்து, வண்டி நகர்ந்ததும் இரு கைகளாலும் கண்ணாடியைப் பற்றித் தன் தறிவலிமை அனைத்தையும் திரட்டி இழுத்தான்.

ஜன்னல் திறக்கவில்லை.