குல்ஷேர் வட்டூவின் தலையும் பச்சைத் தொப்பியும்

உலகில் எத்தனையோ நாடுகள் வேகப்பந்து வீச்சாளர்களை உருவாக்கியிருக்கின்றன. ஆனால் ஒருவனை உருவாக்கி, அவன் தேய்ந்துவிடக் கூடாதே என்ற அக்கறையில் கடைசிவரை பயன்படுத்தாமலேயே பாதுகாத்த பெருமை லாகூரில் இருக்கும் எங்கள் தேர்வுக் குழுவையே சேரும். அதன் செயலாளர் நான். ஆட்சி மாறினால் கிரிக்கெட் வாரியத் தலைவர் மாறுவார். நான் மாறமாட்டேன். நாற்காலிக்கும் எனக்கும் அவ்வளவு ஒட்டு.

ஓகாராவிலிருந்து குல்ஷேர் வட்டூ வந்தபோது மீசை அரும்பிய வயது. அவன் போடும் பந்து நேராகத்தான் கிளம்பும். பாதி வழியில் மனம் மாறி வளையும். கால்வாய் வாரிய அணிக்கு ஆடி உள்ளூரில் விக்கெட்டுகளை அள்ளிக்கொண்டிருந்தான். அவனுக்கு ஒரே ஆசை, தலையில் நாட்டின் பச்சைத் தொப்பி. ஒரே ஒரு டெஸ்ட் போதும் என்பான்.

அப்போதைய தலைவர் சர்க்கரை ஆலை முதலாளி. நேர்காணலுக்கு நான்தான் அழைத்துப்போனேன்.

“தம்பி, நீ வேகமா, மிதமா?”

“மிதவேகம், சாஹிப்.”

“ரெண்டுல ஒண்ணைச் சொல்லுப்பா. லஸ்ஸில உப்பா, சக்கரையான்னு கேட்டா ரெண்டும்னா சொல்லுவே?”

“எங்க ஊர்ல ரெண்டும் போட்டே குடிப்பாங்க, சாஹிப்.”

இந்தத் துடுக்கையும் மன்னித்து, அவனை ‘வேக மேம்பாட்டு’ முகாமுக்கு அனுப்பினோம். வேகம் வந்தது. வளைவு போனது. முதுகும் கொஞ்சம் போனது. அதற்குள் ஆட்சி கவிழ்ந்து, ஓய்வுபெற்ற பிரிகேடியர் ஒருவர் தலைவரானார்.

“எதுக்குய்யா இந்தப் பாய்ச்சல்? கட்டுப்பாடு வேணும், கட்டுப்பாடு!”

வேகத்தைக் குறைத்தோம். வளைவு திரும்பி வந்த வாரம் பிரிகேடியர் போய்விட்டார். அடுத்து வந்தவர் கட்டட ஒப்பந்தக்காரர். “பந்து போடறது கெடக்கட்டும், பேட்டிங் வருமா?” என்றார். அதையும் கற்றுக்கொண்டு வந்து நின்றான். எல்லாத் தொடரிலும் பதினாறு பேரில் இருப்பான், பதினோரு பேரில் இருக்கமாட்டான். தண்ணீர் சுமப்பதில் மட்டும் ஆசியாவிலேயே அவனுக்கு நிகரில்லை.

இந்த நிலையில்தான் ஒரு வெளிநாட்டு அணி வந்தது. வந்தவர்களின் வலைப்பயிற்சிக்குப் பந்துவீச ஆள் கொடுப்பது வழக்கம். விருந்தோம்பலில் குறை வைக்கலாமா? எங்களிடம் இருந்த ஆகச் சிறந்தவனையே கொடுத்தோம். குல்ஷேர் ஒரு வாரம் அவர்களைத் திணறடித்தான். அந்த ஒரு வாரத்தில் அவர்கள் வளையும் பந்தை ஆடப் பழகிக்கொண்டார்கள். டெஸ்டில் எங்கள் சார்பாகப் பந்துவீசியவர் தலைவரின் அக்கா மகன். நல்ல உயரம், நல்ல கார். பந்து மட்டும் வளையவில்லை. இன்னிங்ஸ் தோல்வி.

பரிசளிப்பில் வெளிநாட்டுக் கேப்டன் மைக்கைப் பிடித்தார். “எங்களை ஜெயிக்க வெச்சது குல்ஷேர்தான். இவர் ஏன் இந்த டெஸ்ட்ல ஆடலைன்னு எங்களுக்குப் புரியவே இல்ல” என்று சொல்லி, தன் தலையிலிருந்த தொப்பியைக் கழற்றி அவன் தலையில் வைத்தார். நாற்பதாயிரம் பேர் எழுந்து நின்று கைதட்டினார்கள். குல்ஷேர் குலுங்கிக் குலுங்கி அழுதான். நானும் கைக்குட்டையை எடுத்தேன், தேசத்துக்கு நேர்ந்த அவமானத்தை நினைத்து.

மறுநாளே ஒழுங்கு விசாரணை வைத்தோம்.

“எதிரியோட தொப்பிய எப்படிய்யா தலையில வெச்சே?” தலைவர் மேசையைத் தட்டினார்.

“அவங்க ஒரு வாரந்தான் என் பந்தைப் பாத்தாங்க, சாஹிப். நீங்கள்லாம் பன்னெண்டு வருஷமா பாத்தீங்க. இதுல எதிரி யாருன்னு எனக்கு நெஜமாவே புரியல.”

தேசபக்தி இல்லாதவன் என்பது அங்கேயே நிரூபணமாயிற்று. ஆயுள் தடை விதித்தோம். தொப்பியைப் பறிமுதல் செய்தோம். ஆனால் ஒரு பொருளை வீணாக்கும் பழக்கம் எங்கள் வாரியத்தில் கிடையாது. தலைவரின் அக்கா மகன் எடுத்துப் போட்டுப் பார்த்தார்.

கச்சிதமாக இருந்தது.