எதிரணிக்கு நான் போட்ட டச் டவுன்

அமெரிக்கன் ஃபுட்பாலில் மூன்று வருடம் தடுப்பாட்டக்காரனாக இருந்திருக்கிறேன். தடுப்பாட்டக்காரனுக்குப் புள்ளி எடுக்கும் வாய்ப்பு அபூர்வமாகத்தான் வரும். நான் முதல் ஆட்டத்திலேயே ஆறு புள்ளி எடுத்தேன், எதிரணிக்கு.

அதற்கு முன் ஆய்க்குடியில் கபடி ஆடிக்கொண்டிருந்தேன். கேப்டன் என் அண்ணன் இசக்கி. குற்றாலம் ரோட்டில் இருந்த எங்கள் கல்லூரிக்கு வந்த புது கோச், கபடிக்காரனுக்குப் பிடி தெரியும் என்று என்னைச் சேர்த்துக்கொண்டார். ஹெல்மெட்டும் தோள் கவசமும் மாட்டியதும் எனக்குத் தலைகால் புரியவில்லை. (கவசத்தோடே உட்கார்ந்து இட்லி தின்றிருக்கிறேன்.) அண்ணனுக்கு ஆத்திரம்.

"பந்தக் கக்கத்துல வச்சிட்டு ஓடுத வெளையாட்டுக்குப் போற. தோத்துட்டு வந்தா நம்ம டீமு பக்கம் தலைவச்சுப் படுக்காத, பாத்துக்க" என்றான்.

சொன்னால் செய்கிறவன். அங்கும் இல்லாமல் இங்கும் இல்லாமல் போய்விடுவேனோ என்று உள்ளுக்குள் பயம்தான்.

முதல் ஆட்டத்துக்குக் கோவையிலிருந்து ஒரு அணி வந்தது. சாரலில் மைதானம் சொதசொதவென்று கிடந்தது. அண்ணன் கபடி டீமையே கூட்டிவந்து ஓரமாக நின்றான். ஆட்டம் இவ்வளவுதான்: பந்தோடு வருகிறவன் எங்கள் கடைசிக் கோட்டைத் தாண்டினால் அது டச் டவுன், அவர்களுக்கு ஆறு புள்ளி. தாண்டவிடக் கூடாது. நாங்கள் ஆறு புள்ளி முன்னால் இருந்தோம்.

கார்த்திக் என்ற ஒல்லிப் பையன் பந்தோடு வந்தான். கோட்டுக்கு ஓரடி முன்னால் இடுப்பை வளைத்துப் பிடித்துவிட்டேன். அங்கேயே அமுக்கியிருந்தால் வேலை முடிந்தது. அப்போது அண்ணன் குரல் கேட்டது.

"உள்ள இழுலே."

கபடியில் பாடி வருகிறவன் நடுக்கோட்டுக்குத் திரும்பிவிடாதபடி உள்ளே இழுக்க வேண்டும். சின்ன வயதுப் பழக்கம், இழுத்தேன். விழுந்துவிடப் பார்த்தவனைக்கூட விழவிடாமல் எங்கள் கோட்டைத் தாண்டித் தரதரவென்று இழுத்துப்போட்டு, மேலே ஏறிப் படுத்து, இரண்டு கையையும் தூக்கி அண்ணனைப் பார்த்துச் சிரித்தேன். நடுவரும் இரண்டு கையையும் தூக்கினார். அவர் தூக்கியது டச் டவுனுக்கு.

கோச் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டார். எனக்கு ஹெல்மெட்டைக் கழற்றவே வெட்கமாக இருந்தது.

இரு அணியும் சமம். ஆட்டம் முடியும் நேரம். பந்து எறிகிற அவர்கள் ஆள் தன் கடைசிக் கோட்டுக்குப் பின்னால் நின்றான். அங்கேயே விழுந்தால் எங்களுக்கு இரண்டு புள்ளி. இரண்டு பேரை இடித்துத் தள்ளிக்கொண்டு பாய்ந்தேன், வழுக்கி விழுந்தேன், விழுந்த இடத்தில் அவன் கணுக்கால் கிடைத்தது. அவன் கோட்டைத் தொட எக்கினான். எங்கள் ஊர்க் கபடியில் எத்தனை பேர் இப்படி எக்கியிருக்கிறார்கள். விடவே இல்லை. குப்புற விழுந்தான்.

ஜெயித்துவிட்டோம். அண்ணன் ஓடிவந்து, கவசத்தோடு சேர்த்து என்னைத் தூக்கினான். அவன் கண் கலங்கியிருந்தது.

"இந்தத் தடவ நான் வாயே தொறக்கலலே" என்றான்.

சந்தோஷத்தில் ஹெல்மெட்டைக் கழற்றி அவன் தலையில் மாட்டிவிட்டேன்.

கார்த்திக் இப்போது என் நண்பர். வருடா வருடம் சீசனுக்குக் குடும்பத்தோடு குற்றாலம் வரும்போது மைசூர்பாவோடு வீட்டுக்கு வருவார். அவர் விளையாடிய காலம் முழுவதும் போட்டது அந்த ஒரு டச் டவுன்தானாம். "அந்த மாமாதான் எனக்குப் போட்டுக் குடுத்தவருங்க" என்று பிள்ளைகளிடம் என்னைக் காட்டுவார்.

டப்பாவைத் திறந்ததும் பாதியை அண்ணன் எடுத்துக்கொள்கிறான். "இழுத்தது நீ. இழுக்கச் சொன்னது யாருலே?"