மறுபடி போடும் உரிமையோடு

வாசகர்களே, நம் பினாங்கில் ஒரு மனித இனம் உண்டு. சண்டையைத் தொடரவும் மாட்டார், முடிக்கவும் மாட்டார். மனுவை மீட்டுக்கொள்வார், மறுபடி போடும் உரிமையை மட்டும் சட்டைப்பையில் பத்திரப்படுத்துவார்.

டத்தோ கிராமாட் வட்டாரத்துத் திருநாவுக்கரசு இந்த இனத்தின் திலகம். கோயில் கமிட்டியிலிருந்து ஆண்டுதோறும் விலகி, மாலை போட்டு அழைத்ததும் திரும்பி, “அடுத்த வருஷம் விலகுற உரிமை எனக்கு இருக்கு” என்று கூட்டத்து மினிட் புத்தகத்தில் எழுதவைப்பார். தேநீர்க் கடையில்கூட, “தம்பி, தே தாரிக் வேணாம்லா. ஆனா பிறகு கேட்டா குடுக்கணும்!” என்பார்.

இப்படிப்பட்டவருக்கு மனைவி அமைந்தால் என்ன ஆகும்?

ஒரு ஞாயிற்றுக்கிழமை, மனைவி ருக்குமணி, எப்போதும் இவர் தட்டுக்கே வரும் மீன் தலையைத் தன் தம்பி தனேஷுக்குப் பரிமாறிவிட்டாள். இருபத்திரண்டு ஆண்டுத் தாம்பத்தியம் அந்தத் தட்டில் சரிந்தது! விவாகரத்து மனு போட்டார். அவள் ஒரு பையில் துணிகளை அடுக்கிக்கொண்டு, ஜுருவிலிருக்கும் அக்கா வீட்டுக்குப் போய்விட்டாள்.

சோற்றுப் பானையின் மூடி எங்கே இருக்கிறது என்று தேடியே மனிதர் இளைத்தார், தனியாகத் தின்று பார்த்தார், மீன் தலை அவரை முறைத்தது. பொறுக்க முடியாமல் வழக்கறிஞர் ஹைதரை அனுப்பி, மனுவை மீட்டார். வழக்கமான அந்த ஒரு வரியோடுதான். பிறகு மல்லிகைச் சரத்துடன் ஜுருவுக்கு ஓடினார்.

“கேஸ தாரேக் பாலேக் பண்ணிட்டேன், திரும்ப வாங்கியாச்சு ருக்கு. வா, வீட்டுக்குப் போலாம்.”

“முழுசாவா?”

“அது… மறுபடி போடலாம்னு ஒரு வரி இருக்கு. பேப்பர்ல சும்மா இருக்குலா.”

ருக்குமணி பூவை வாங்கிக்கொண்டாள். வந்தாள். பையைப் பிரிக்காமல் வாசற்கதவோரம் வைத்தாள்.

“பைய ஏன் பிரிக்கல?”

“மறுபடி போற உரிமையோட வந்திருக்கேன். பை சும்மா இருக்குலா.”

எட்டு மாதமாகிறது. தினமும் அந்தப் பையிலிருந்து ஒரு சேலையை எடுத்து உடுத்தி, துவைத்து, தேய்த்து, திரும்பப் பைக்குள்ளேயே வைக்கிறாள். ஜிப் சத்தம் கேட்கும்போதெல்லாம் திருநாவுக்கரசு வாசலுக்கு ஓடிவந்து பார்க்கிறார். மீன் தலை இப்போது அவள் தட்டில்தான். கண்கள் இரண்டும் அவளுக்கே!

கடைசியில் ஹைதரிடம் போய் அழுதார். “தம்பி, அந்த வரிய அழிச்சிடுங்க.”

“இனிமே எப்பவும் போடமாட்டேன்னு எழுதிக் கையெழுத்து போடுங்கண்ணே. ருக்குமணி அக்காகிட்ட காட்டலாம்.”

பேனாவை எடுத்தார். கண்ணீர் காகிதத்தில் சொட்டியது. பாதிக் கையெழுத்தில் தலை நிமிர்ந்தது.

“தம்பி… பின்னால தேவைப்பட்டா, இத மீட்டுக்கலாம்ல?”

பை இன்னும் கதவோரம்தான் இருக்கிறது.

சிரிக்கிறீர்களா? நேற்று உங்கள் வீட்டில், “சரி, தப்பு என் மேலதான், ஆனா…” என்று இழுத்தது யார்? எதற்கும் எழுந்துபோய், வாசற்கதவோரம் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.