ஹார்ன் பாய்

இயக்குநர் 'கட்' சொன்னால்தான் படப்பிடிப்பு நிற்கும் என்று நம்புகிறவர்கள் எங்கள் ஹார்ன் பாயைப் பார்த்ததில்லை. ஒரத்தநாட்டில் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். உலக சினிமாவில் வேன் ஹார்னாலேயே அதிக ஷாட்டுகளை நிறுத்திய மனிதர் அவராகத்தான் இருக்க வேண்டும்.

அவரைக் கூட்டிவந்த பாவி நான்தான். அப்போது ஒரு படத்துக்குத் தயாரிப்பு நிர்வாகி. எட்டு வயதுச் சிறுமி நடிக்கிறாள். சட்டப்படி கலெக்டர் அனுமதி வேண்டும், குழந்தைக்கு ஒரு பொறுப்பாளர் வேண்டும், மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை ஓய்வு வேண்டும், ஒரு நாளைக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது. கையெழுத்துப் போட்டுவிட்டு ஓரமாக டீ குடிக்கிற ஆளாகத் தேடினேன். பள்ளிக்கூட லீவு, வேன் சும்மா நிற்கிறது என்று பாய் வந்தார். விதிமுறைத் தாளைக் கொடுத்தேன். மனுஷன் அதைப் படித்துவிட்டார்! அங்கேதான் வந்தது வினை.

மூன்று மணி நேரம் ஆனதும் ஹார்ன். "புள்ளைக்கு ரெஸ்ட்டு சார்." ஐந்து முடிந்ததும் மறுபடி ஹார்ன். கதாநாயகன் உருகி உருகி வசனம் பேசிக்கொண்டிருப்பார். "தம்பி, நீங்க பேசிக்கிட்டிருங்க. புள்ள வீட்டுக்குப் போவுது."

ஒருநாள் வாய்க்கால் கரையில் அழுகைக் காட்சி. பத்து டேக் போயும் சிறுமிக்கு அழுகை வரவில்லை. இயக்குநர் உதவியாளரிடம் முணுமுணுத்தார்: "துபாய்ல அவ அப்பாவுக்கு ஆக்சிடென்ட்டுன்னு சொல்லு. தானா அழுவா."

பக்கத்தில் நின்ற பாயின் முகம் மாறிவிட்டது. நேராக வேனுக்குப் போனார். ஹார்னில் வைத்த கையை எடுக்கவே இல்லை. வயலில் மேய்ந்த கொக்குகள் மொத்தமும் கிளம்பிப் பட்டுக்கோட்டைப் பக்கம் போய்விட்டன.

இயக்குநர் ஓடிவந்தார். "யோவ், என் ஷாட்டை நிறுத்த நீ யாருய்யா?"

"பொறுப்பாளருங்க. நீங்கதானே கையெழுத்து வாங்குனீங்க." பாய் அப்போதுதான் ஹார்னிலிருந்து கையை எடுத்தார். "நானும் எட்டு வருஷம் சவுதியில கெடந்தவன் சார். நேரங்கெட்ட நேரத்துல போன் அடிச்சாலே வீட்ல எல்லாருக்கும் ஈரக்கொலை நடுங்கும். அந்தப் பயத்தை இந்தப் புள்ளைக்குக் குடுக்காதீங்க. கிளிசரின் போடுங்க. இல்லன்னா புள்ளைய ஏத்திக்கிட்டு வேனை எடுத்துருவேன்."

மொத்த யூனிட்டும் என்னைப் பார்த்தது. வேலை போயிற்று என்றே நினைத்தேன். ஆனாலும் வாய் தானாகச் சொல்லிவிட்டது: "கிளிசரின் இருக்கு சார்."

அடுத்த டேக்கிலேயே காட்சி முடிந்தது. முடிந்த மறுநொடி பாய் தண்ணீர்ப் பாட்டிலோடு ஓடி, சிறுமியின் கண்களைக் கழுவிவிட்டார்.

சென்னையில் சென்சாருக்குப் படம் போட்டபோது அந்தக் காட்சியைக் குறிப்பிட்டுக் கேட்டார்கள்: "குழந்தையை எப்படி அழ வச்சீங்க?"

எங்கள் இயக்குநர் நெஞ்சை நிமிர்த்தினார். "கிளிசரின்தான் மேடம். குழந்தைங்க விஷயத்துல நான் ரொம்பக் கண்டிப்பு!"

போன மாதம் ஒரு விளம்பரப் படத்துக்கு என் மகளைக் கேட்டார்கள். என்ன விளம்பரம், எத்தனை நாள் என்றெல்லாம் நான் விசாரிக்கவில்லை. நேராக ஒரத்தநாட்டுக்குப் போன் போட்டேன். "பாய், நீங்க கூட வர்றதா இருந்தா சரின்னு சொல்றேன்."