ஓஸ்னெலுக்கு உப்பு ஆகாது

நடைப்பிணம் என்றொரு ஜீவராசி உண்டு. சினிமாவில் பார்த்திருப்பீர்கள்: ஒரு கண் தொங்க, வாயோரம் ரத்தம் வழிய, கையை நீட்டிக்கொண்டு ஓடிவந்து கழுத்தைக் கடிக்குமே, அதை மறந்துவிடுங்கள். அந்தப் படங்களை எடுத்தவர்கள் ஹைட்டிக்கு வந்து எங்கள் ஜாக்மெல் கடைத்தெருவில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தால் இந்தக் களங்கம் வந்திருக்காது. எங்கள் ஊர் ஜோம்பி யாரையும் கடிக்காது. பரம சாது. மந்திரவாதி அதைக் குழியிலிருந்து எழுப்பிக் கரும்புக்காட்டில் கொண்டுபோய் விட்டால் வெட்டிக்கொண்டே இருக்கும், கூலி கேட்காது, "ஏன்?" என்று கேட்கவே கேட்காது. ஆகவே ஜோம்பி வந்து கடித்துவிடுமோ என்று இங்கே எவனும் பயப்படுவதில்லை. தானே ஒன்றாகிவிடுவோமோ என்றுதான் பயம்.

விதி ஒன்றே ஒன்று. அதற்கு உப்புக் காட்டக் கூடாது. நாக்கில் ஒரு கல் பட்டால் போதும், விழித்துக்கொள்ளும். செத்தது ஞாபகம் வரும். எழுந்து நேரே கல்லறைத் தோட்டத்துக்கு நடையைக் கட்டும். "சோத்துல உப்புப் போட்டுத்தான் திங்கிறியா?" என்று நீங்கள் கோபம் வந்தால் கேட்பீர்கள். இங்கே அதைக் கவலையோடு விசாரிப்பார்கள்.

விஞ்ஞானம் என்ன சொல்கிறது? எங்கள் தெருவில் விஞ்ஞானம் என்றால் ஃபெனெலோன் வாத்தியார்தான். ஒரு காளான் எறும்பின் உடம்புக்குள் புகுந்துகொள்ளும், எறும்பு கூட்டத்தைவிட்டு விலகிச் செடியில் ஏறும், இலை நரம்பைக் கவ்விக்கொண்டு சாகும், அப்புறம் அதன் தலையைப் பிளந்துகொண்டு காளான் முளைக்கும் என்று வருஷா வருஷம் அதே இடத்தில் இருமி, அதே இடத்தில் சிரித்து, பாடம் நடத்துவார். பிள்ளைகள் இருமலையும் சேர்த்தே ஒப்பிப்பார்கள்.

எறும்பை விடுங்கள், மனிதரில் இல்லையா? டாப்டாப் என்கிற எங்கள் ஊர் ஷேர் வண்டியில் இறங்கவேண்டிய இடம் வந்தால் "நன்றி, டிரைவரே!" என்று கூவ வேண்டும், வண்டி நிற்கும். விடுமுறை நாளில் மாமியார் வீட்டுக்குப் புறப்பட்டவர் ஆபீஸ் வாசலில் "நன்றி!" என்று கூவி, இறங்கி, பூட்டிய கதவின் முன்னால் நின்றுகொண்டிருப்பார். கோயிலில் பாதிரியார் தும்மினாலும் "ஆமென்" சொல்லும் அம்மாள்களை நான் கணக்கிலேயே சேர்க்கவில்லை.

இந்த இனத்தின் மணிமகுடம் ஓஸ்னெல்.

ஓஸ்னெல் வீடுகளுக்கு வண்ணம் அடிப்பவர். ஒரு காலத்தில் அவர் ஏணிமேல் நின்று திட்டினால் துறைமுகத்தில் மீனவர்கள் தலை நிமிர்ந்து பார்ப்பார்கள். பிறகு ரத்தக் கொதிப்பு வந்தது. உப்பைத் தொட்டால் ஆள் போய்விடுவார் என்று டாக்டர் சொன்னார். மனைவி எல்மினா, தெருமுனையில் பன்றி வறுவலும் வாழைக்காய்ப் பொரியலும் விற்கிறவள், அன்றோடு அவர் தட்டிலிருந்து உப்பை எடுத்தாள். உப்போடு ஓஸ்னெலும் எங்கோ போய்விட்டார்.

எதைக் கேட்டாலும் "சரி." எப்படி இருக்கிறீர்கள் என்றால் "மோசமில்ல." முதலில் தெருவே கொண்டாடியது. மளிகைக்கடை தெலிஸ்மா ஏணியை இரவல் வாங்கினான். திருப்பித் தரவில்லை. ஓஸ்னெலும் கேட்கவில்லை. ஏணி இல்லாமல் கைக்கு எட்டிய மட்டும் வண்ணம் அடித்தார். எங்கள் தெருவில் வீடுகளெல்லாம் ஜன்னல் வரை புது நீலம், அதற்கு மேல் பழைய அழுக்கு என்று, இடுப்பளவு கடலில் இறங்கி நிற்பவைபோலக் காட்சி தந்தன. டாமினோ மேசையில் ஆள் குறைந்தால் அவரைப் பிடித்து உட்காரவைப்பார்கள். தோற்றவர் மூஞ்சியில் துணி கிளிப் மாட்டுவது இங்கே வழக்கம். மற்றவர்கள் ஆட்டம் முடிந்ததும் பிடுங்கி எறிவார்கள். ஓஸ்னெல் காதில் இரண்டு, மூக்கில் ஒன்று, கன்னத்தில் ஒன்று என்று அப்படியே கோயிலுக்குப் போய் நற்கருணை வாங்கிக்கொண்டு வந்தார்.

அங்கேதான் ஊர் யோசிக்க ஆரம்பித்தது.

"எல்மினா அக்கா, கேக்கிறேன்னு தப்பா நெனைக்காத" என்று ஒருநாள் தெலிஸ்மா வந்து நின்றான். "அண்ணனை எப்ப அடக்கம் பண்ணினே?"

"என்னது? அந்தாளு உள்ள வாழைக்காய் உரிச்சுக்கிட்டு இருக்காருய்யா!"

"அதைத்தான் நானும் சொல்றேன். உசுரோட இருக்கிற ஆம்பளை எவன் வாழைக்காய் உரிப்பான்?"

"டாக்டர் உப்பு ஆகாதுன்னுட்டார். ரத்தக் கொதிப்பு."

"ஆமாமா. மந்திரவாதியும் அதையேதான் சொல்லுவான்."

மறுநாள் எல்மினாவின் அடுப்பில் எண்ணெய் காய்ந்ததே தவிர ஒருவரும் வரவில்லை. அவள் கையால் தின்றால் நாமும் பாதிச் சுவருக்கு நீலம் அடிக்கப் போய்விடுவோம் என்று பேச்சு. அவள் எதிரே வந்தால் தாய்மார்கள் பிள்ளைகளை மறுபக்கம் இழுத்துக்கொண்டார்கள். புருஷனைப் பிணமாக்கி வேலை வாங்குகிறவள் என்ற பெயர் ஒரு தடவை ஒட்டினால் இந்த ஊரில் அவள் வறுப்பதற்கு எதுவும் இல்லை, வாழ்வதற்கும் இல்லை.

தெலிஸ்மா தீர்ப்பும் கையோடு கொண்டுவந்தான். "ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்சதும் டாமினோ மேசைக்கு அவரைக் கூட்டிட்டு வா. எங் கடையில இருக்கறதுலயே நல்லா கரிக்கிற உப்புக் கருவாடு நான் தர்றேன், நீயே சமைச்சுக் கொண்டா. எல்லார் முன்னாலயும் தின்னட்டும். ஒண்ணும் ஆகலைன்னா உன் காலைத் தொட்டு மன்னிப்புக் கேக்கறேன்."

"ஏதாவது ஆச்சுன்னா?"

"வழியை விட்டுடுவோம். பாவம், குழிக்குப் போகட்டுமே."

யோசித்துப் பாருங்கள். உப்பைக் கொடுத்தால் கொதிப்பில் ஆள் போய்விடுவார். கொடுக்க மறுத்தால் அவள் சூனியக்காரி. எல்மினா கருவாட்டைத் தண்ணீரில் ஊறவைத்தாள், பிழிந்தாள், வேகவைத்தாள், வடித்தாள், மறுபடி ஊறவைத்தாள். எங்கள் ஊர்ப் பெண்கள் கருவாட்டை ஊறவைப்பது வழக்கம்தான். ஆனால் இது ஊறவைப்பு அல்ல, ஞானஸ்நானம். கடைசியில் அந்தக் கருவாடு கடலையே பார்த்ததில்லை என்று சத்தியம் செய்யும் நிலைக்கு வந்தது. மேலே மிளகாயும் முட்டைக்கோஸ் ஊறுகாயும் போட்டு மூடினாள்.

ஆனால் அவளுக்கு உள்ளூர வேறொரு பயம். உப்பில்லாத கருவாட்டைத் தின்றுவிட்டு இந்த மனுஷன் எல்லார் முன்னாலும் "உப்பே இல்லியே" என்று சொல்லிவிட்டால்? அவருக்கு இப்போதெல்லாம் பொய் சொல்லுமளவு சுறுசுறுப்பு இல்லையே? அதற்கும் கீழே இன்னொரு பயம்; அதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. போன வாரம்தான், "எம்மேல ஆசை இருக்காய்யா?" என்று கேட்டிருந்தாள். "மோசமில்ல" என்றார். மெய்யாகவே உள்ளே ஆள் இருக்கிறாரா?

ஞாயிற்றுக்கிழமை பாதாம் மரத்தடியில் தெருவே கூடிவிட்டது. ஃபெனெலோன் வாத்தியார் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு முன்வரிசையில். ஓஸ்னெல் கன்னத்தில் நேற்றைய கிளிப் ஒன்றோடு உட்கார்ந்திருந்தார். தட்டு வந்தது.

"சாப்பிடுண்ணே" என்றான் தெலிஸ்மா.

"சரி."

ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டார். மென்றார். தாடை நின்றது. மாதக்கணக்காக உப்பில்லாமல் தின்றவருக்கு உப்பில்லாதது தெரியாதா? தலையைத் தூக்கி எல்மினாவைப் பார்த்தார். அவள் தலைத்துணி முனையை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டு நின்றாள். பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு கையைத் தூக்கிக் கன்னத்துக் கிளிப்பைப் பிடுங்கி எறிந்தார்.

"என்னடி இது! ஒரே உப்பு! கடலையே தாளிச்சு வச்சியா?"

துறைமுகத்தில் மீனவர்கள் தலை நிமிர்ந்து பார்த்தார்கள்.

ஓஸ்னெல் எழுந்தார். கூட்டம் இரண்டாகப் பிளந்தது. நேரே நடந்தார். எந்தப் பக்கம்? கல்லறைத் தோட்டத்துப் பக்கம்! பெண்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். "பார்த்தீங்களா, நான் சொல்லலை?" என்று தெலிஸ்மா துள்ளினான். எல்மினா பின்னால் ஓடினாள், தெருவே அவள் பின்னால் ஓடியது. தோட்டத்து வாசல் கண்ணுக்குத் தெரிந்தது. ஓஸ்னெல் அதற்கு முந்திய சந்தில் திரும்பினார். தெலிஸ்மாவின் கொல்லைக் கதவை உதைத்துத் திறந்தார்.

"எங்கேடா என் ஏணி?"

"அண்ணே... நாளைக்கே கொண்டாந்து தரலாம்னுதான்..."

"நாளைக்கு உன் சவ அடக்கம். எடுடா! டேய், அந்தப் பெயின்ட் வாளியும் என்னுதுதானே? வாத்தியாரே, எங்க நழுவறீங்க? என் ரேடியோவுல பாட்டு நல்லாக் கேக்குதா?"

"உப்பு வேலை செய்யுது" என்று வாத்தியார் விஞ்ஞானபூர்வமாக அறிவித்துவிட்டு வேகமாக நடந்தார்.

தோளில் ஏணியோடு வீடு திரும்பும் வழியில் எல்மினா அவர் காதோரம் கேட்டாள்: "உப்பு இருந்துச்சா?"

"ஒரு மண்ணும் இல்ல. ஈரக் கோணியைத் தின்ன மாதிரி இருந்துச்சு."

"அப்புறம் ஏன்யா அப்படிக் கத்தினே?"

"உம் மூஞ்சியப் பார்த்தேன்" என்றார். நாலு எட்டு வைத்துவிட்டு, "அந்த ஏணியும் வேண்டியிருந்துச்சு" என்றார்.

நான் கேள்விப்பட்டவரை எந்த ஜோம்பியும் பெண்டாட்டியைக் காப்பாற்றப் பொய் சொன்னதில்லை. எல்மினாவுக்கு அது போதும்.

உப்பைத் தின்றும் குழிக்குப் போகாதவர் பிணமில்லை என்றாகிவிட, தெலிஸ்மா எல்மினாவின் காலைத் தொட்டு மன்னிப்புக் கேட்டான்; கேட்டே ஆகவேண்டும் என்று ஓஸ்னெல் ஏணிமேல் நின்று மேற்பார்வை பார்த்தார். வீடுகளுக்கு மேல்பாதியும் நீலம் வந்தது, கூலி முன்கூட்டி வந்த வீடுகளுக்கு மட்டும். டாமினோவில் அவர் ஜெயிக்கிறார். ஜெயிக்காத அன்று மேசையைக் கவிழ்க்கிறார். அவர் விழிக்கிறாரா என்று பார்க்க மரத்தடியில் கூடிய அதே ஜனங்கள் இப்போது ஒவ்வொருவராக எல்மினாவின் பின்வாசலுக்கு வருகிறார்கள். "அக்கா, அண்ணன் சாப்பாட்டுல கொஞ்சம் உப்பைக் குறைச்சுப் போடேன்."

அவர் இன்றுவரை உப்பைத் தொடவில்லை என்பதை அவள் சொல்வதில்லை. "பார்க்கறேன் தம்பி" என்கிறாள்.

நீங்கள் சிரித்தீர்கள், நல்ல அறிகுறி. ஆனாலும் அவசரப்பட வேண்டாம், சிரிக்க வேண்டிய இடத்தில் வாய் தானாகத் திறப்பதுகூட இந்த இனத்துக்குக் கைவந்த வித்தைதான். இன்று காலை யாரோ எப்படி இருக்கீங்க என்று கேட்டார்களே, என்ன சொன்னீர்கள்? சரி, அது போகட்டும். உங்கள் ஏணி இப்போது யார் வீட்டில் இருக்கிறது?